பதின்மூன்று விண்ணப்பங்களும் ஒரே கையெழுத்தும்

எனக்குக் காய்ச்சல் வந்த கிழமையில்தான் அந்த வேலை விளம்பரமும் வந்தது. டெங்குவோ வேறெதுவோ, யாருக்குத் தெரியும். இரத்தம் பார்க்க யாரும் கூட்டிப்போகவில்லை. மூன்று நாள் படுக்கையிலேயே கிடந்தேன். மீன்காரனின் ஹோர்ன் கேட்கிறது, முன் வீட்டில் தேங்காய் துருவுகிற சத்தம் கேட்கிறது, ஐந்து நேரமும் பாங்கு கேட்கிறது. என் வாசல் கேற்றைத் திறக்க மட்டும் ஒரு கை இல்லை. தண்ணீர் எடுக்கக் குசினி வரை போனவள் கதவு நிலையைப் பிடித்தபடி நின்று யோசித்தேன்: நான் இப்படியே மவுத்தாகிப் போனால் எத்தனையாம் நாள் கண்டுபிடிப்பார்கள்? தம்பி வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்துதான் போன் எடுப்பான். அன்று திங்கட்கிழமை. அவன் எடுத்து, நான் பேசாமல் விட்டு, "ராத்தா தூங்குறாவாக்கும்" என்று அவன் வைத்துவிட்டால் அடுத்த வெள்ளி. எனக்கு அழுகை வரவில்லை. ஆத்திரம்தான் வந்தது.

நாலாம் நாள் கேற்றில் சத்தம்.

"டீச்சர்! டீச்சர்! இரிக்கீங்களா?"

முன் வீட்டுக்காரி. கடலுக்குப் போய் இடுப்பு முறிந்து படுத்திருக்கிற புருசன், இரண்டு பெண் பிள்ளைகள், விடியவிடிய இடியப்பம் அவித்துக் கடைகளுக்குக் கொடுக்கிற சீவியம். கையில் ஒரு கடதாசியை வைத்து ஆட்டிக்கொண்டு வந்தாள். "இந்தப் போமக் கொஞ்சம் நிரப்பித் தாங்க டீச்சர். கவர்மென்ட் வேலயாம். எட்டாம் வகுப்புப் படிச்சாக் காணுமாம்." என்று முழுவதையும் சொல்லி முடித்த பிறகுதான் என் முகத்தைப் பார்த்தாள். "யா அல்லாஹ்! என்ன டீச்சர் இது, மஞ்சள் பூசின மாதிரி இரிக்கீங்க?"

ஓடிப்போய்க் கொத்தமல்லி அவித்துக்கொண்டு வந்தாள். அரை மணித்தியாலம் பக்கத்தில் இருந்து, "ஒரு சத்தம் போட்டிருக்கலாமே" என்று என்னை ஏசினாள். அந்த ஏச்சுக்கு நான் எவ்வளவு ஏங்கிப் போயிருந்தேன் என்று அவளுக்குத் தெரியாது.

என் கதையையும் சொல்லிவிடுகிறேன். எங்கள் பக்கத்தில் பெண் பிள்ளைக்கு வீடு கட்டி வைத்துவிட்டுத்தான் மாப்பிள்ளை தேடுவார்கள். மாப்பிள்ளை பெண் வீட்டுக்கு வருவார். வாப்பா எனக்கும் தங்கச்சிக்கும் ஆளுக்கொரு வீடு கட்டினார். தங்கச்சி அவள் வீட்டைப் பூட்டிவிட்டுப் புருசனோடு கட்டாருக்குப் போய்விட்டாள். தம்பி அக்கரைப்பற்றில் கலியாணம் முடித்து அங்கே அவன் பெண்சாதி வீட்டில் இருக்கிறான். வாப்பாவும் பிறகு உம்மாவும் மவுத்தானார்கள். என் வீட்டுக்கு மட்டும் மாப்பிள்ளை வரவில்லை. இரண்டு பேச்சு வந்து முறிந்தது. ஒருத்தருக்கு என் படிப்புக் கூடிப்போயிற்று. மற்றவருக்கு அரசாங்க வேலை இல்லாத பெண் வேண்டாமாம். இரண்டு பேரும் சேர்ந்து வந்து ஒரு முடிவு சொல்லியிருக்கலாம்.

வீட்டில் இருந்தே படித்து வெளிவாரிப் பட்டம் எடுத்தவள் நான். அதை எடுக்க ஒன்பது வருடம் போனது. அதற்கிடையில் ஒரு பள்ளிக்கூடத்தில் தொண்டர் ஆசிரியையாக ஆறு வருடம் சம்பளமில்லாமல் சும்மா படிப்பித்தேன். நிரந்தர நியமனப் பட்டியல் வந்தபோது அதில் என் பெயரில்லை. பிறகு பட்டதாரிகளுக்கு வேலை கொடுத்தார்கள். அப்போது என் வயது நாலு மாதத்தால் கூடியிருந்தது. வேலை வரவில்லை, 'டீச்சர்' என்ற பெயர் மட்டும் எங்கள் ஒழுங்கை வீடுகளில் ஒட்டிக்கொண்டது.

அந்தப் பெயருக்காகத்தான் பெண்கள் போம் கொண்டு வருவார்கள். அடையாள அட்டை, கடவுச்சீட்டு, பிள்ளையைப் பள்ளியில் சேர்க்கிற விண்ணப்பம், வெளிநாட்டில் இருக்கிற புருசனுக்குச் சம்பளம் கிடைக்கவில்லை என்று பெட்டிசம், எல்லாம் என் கையால்தான். மத்தியானம் லுஹர் தொழுதுவிட்டு வருவார்கள். பிளேன்டீ ஊற்றுவேன். போம் நிரப்பப் பத்து நிமிடம் போகும், கதைக்கப் பின்னேரம் அசறு பாங்கு வரைக்கும் போகும். யாராவது கையில் காசு வைக்கப் பார்த்தால் எனக்குக் கெட்ட கோபம் வரும். "இந்தக் கேற்றால இனி வரவேணாம்" என்று சொல்லியிருக்கிறேன். உண்மையில் அவர்கள் வராமல் விட்டால் நான்தான் கஷ்டப்படுவேன். ஒரு நாளைக்கு நான் வாய் திறக்கிற நேரமே அந்த இரண்டு மணித்தியாலம்தானே. மற்ற நேரமெல்லாம் டீவியைப் போட்டு வைத்திருப்பேன், பார்க்க அல்ல, வீட்டில் ஒரு சத்தம் கிடக்கட்டும் என்று.

அந்தக் கிழமை பன்னிரண்டு பெண்கள் வந்தார்கள். எல்லாரும் ஒரே விளம்பரத்துக்கு. கல்முனையில் ஓர் அரசாங்கக் கந்தோரில் சிற்றூழியர் வேலை. கோப்புத் தூக்குவது, தேநீர் கொடுப்பது, கூட்டித் துடைப்பது. பன்னிரண்டு போமையும் நிரப்பினேன். அடியில் சின்ன எழுத்தில் இரண்டு விதி இருந்தது. விண்ணப்பதாரி தன் சொந்தக் கையெழுத்திலேயே நிரப்ப வேண்டும் என்பது ஒன்று. அதை வாசித்துச் சிரித்தேன். எங்கள் ஊரில் யார் தன் போமைத் தானே நிரப்பியிருக்கிறார்கள்? பதினோராம் வகுப்புச் சாதாரண தரத்துக்கு மேல் படித்தவர்கள் விண்ணப்பிக்கக் கூடாது என்பது மற்றது. அதை வாசித்தபோது சிரிப்பு வரவில்லை.

கந்தோரில் வரவுப் புத்தகம் இருக்கும். காலையில் போய் ஒப்பம் வைக்க வேண்டும். நேரம் முடிந்தால் சிவப்புக் கோடு போடுவார்கள். நான் போகாவிட்டால் என் பெயருக்கு நேரே இடம் வெறுமையாக இருக்கும், யாரோ ஒருவர் அதைப் பார்த்து "இன்றைக்கு இவ ஏன் வரல்ல?" என்று கேட்பார். அந்தக் கேள்விதான் எனக்கு வேண்டியிருந்தது. சம்பளம் ஒரு பக்கம் இருக்கட்டும். கூட்டித் துடைக்கிறதில் எனக்கென்ன வெட்கம்? என் வீட்டைக் கூட்ட நான் என்ன ஆளா வைத்திருக்கிறேன்? வயதெல்லை நாற்பத்தைந்து, எனக்கு நாற்பத்துநாலு முடிந்து ஏழு மாதம். இதை விட்டால் இனி எந்தப் போமும் எனக்குச் சரிவராது.

பதின்மூன்றாவது போமை எனக்காக நிரப்பினேன். எட்டாம் வகுப்போடு நின்றவள் மாதிரி எழுத வேண்டும் என்று முதல் இரண்டு வரியைக் கோணல் மாணலாக எழுதினேன். மூன்றாவது வரியில் கை சொல்வழி கேட்கவில்லை. எத்தனை வருடம் கரும்பலகையில் எழுதிய கை! தன்பாட்டில் நேராக, உருண்டையாக ஓடியது. சரி போகட்டும் என்று விட்டேன். படிப்பு என்ற கட்டத்தில் எட்டாம் வகுப்புச் சித்தி என்று மட்டும் எழுதினேன். அது பொய்யில்லையே, எட்டாம் வகுப்பும் சித்தியடைந்துதானே வந்தேன் என்று மனதுக்குச் சமாதானம் சொன்னேன். மனது அதை நம்பவில்லை. ஆனாலும் ஒப்பம் வைத்தேன்.

நேர்முகப் பரீட்சைக்குக் கடிதம் வந்தது. ஒழுங்கைப் பெண்களோடு போகக் கூடாது என்று முந்திய பஸ்ஸில் ஏறினேன். என்ன பிரயோசனம்? கந்தோர் நடையில் பன்னிரண்டு பேரும் எனக்கு முன்னமே வந்து வரிசையாக இருந்தார்கள். யாரோ வேன் பிடித்திருக்கிறார்கள். என்னைக் கண்டதும் எல்லாரும் எழும்பிவிட்டார்கள்.

"டீச்சர் வந்திட்டாங்க! அல்லாஹ்ட கிருப, இனிப் பயமில்ல" என்றாள் முன் வீட்டுக்காரி. "எங்களுக்காக வேல மினக்கெட்டு வந்தீங்களா டீச்சர்? இருங்க, இதில இருங்க."

தன் கதிரையைத் துடைத்துத் தந்தாள். நான் என்ன செய்தேன்? "ஓம், சும்மா பாத்திட்டுப் போவம் எண்டு வந்தன்" என்று சொல்லி அந்தக் கதிரையில் இருந்தேன். எனக்கு நானே செருப்பால் அடித்துக்கொள்ள வேண்டும் போல இருந்தது.

ஒவ்வொருத்தியாக உள்ளே போய் வந்தார்கள். வரும்போது ஒருத்தி முகத்திலும் தெளிவில்லை. "போம ஆரு எழுதினது எண்டு கேக்கிறாங்க" என்று முன் வீட்டுக்காரி என் காதுக்குள் சொன்னாள். "நான்தான் எழுதின எண்டு சொல்லிட்டன். எல்லாரும் அப்படித்தான் சொன்ன. உங்கட பேர் வெளிய வராது டீச்சர், நீங்க பயப்படாதீங்க."

அந்த நேரம் பார்த்துத்தான் வாசலில் நின்றவர் என் பெயரைக் கூப்பிட்டார். முழுப் பெயர், வாப்பாவின் பெயரோடு. பன்னிரண்டு பேரும் என்னையே பார்த்தார்கள். நான் எழும்பினேன். முன் வீட்டுக்காரிக்கு விளங்கிவிட்டது. ஒரு கேள்வியும் கேட்காமல் என் முந்தானையை இழுத்துச் சரி செய்துவிட்டு, "போங்க டீச்சர். நாங்க ஒண்டும் தெரியாத மாதிரி இரிக்கம்" என்றாள். அவள் ஏசியிருந்தால் எனக்கு எவ்வளவோ லேசாக இருந்திருக்கும்.

உள்ளே மூன்று பேர். நடுவில் கண்ணாடி போட்ட வயதான அதிகாரி சேர், பக்கத்தில் ஓர் இளம் மிஸ், ஓரத்தில் எழுதுகிற ஒருவர். சேர் என் போமைப் பார்த்தார்.

"எட்டாம் வகுப்பு மட்டுமா?"

"ஓம் சேர்."

"அதுக்கு மேல ஒண்டும் படிக்கல்ல?"

"இல்ல சேர்."

போமில் எழுதியதை வாயாலும் சொல்லிவிட்டேன். அவர் றப்பர் வளையம் போட்ட ஒரு தாள்கட்டை எடுத்து, போம்களை மேசையில் ஒவ்வொன்றாகப் பரப்பினார். பன்னிரண்டு. கடைசியில் என்னுடையதை வைத்தார். மேசை முழுக்க என் எழுத்து. அதை அப்படி மொத்தமாக நான் கண்டதேயில்லை.

"பதின்மூண்டும் ஒரே கை" என்றார். "வெளிய இரிக்கிற எல்லாரும் நாங்கதான் எழுதின எண்டு சத்தியம் பண்ணாத குறை. போமிலயே இரிக்கி, சொந்தக் கையெழுத்தில நிரப்பணும் எண்டு. பொய்யும் சொல்லிட்டாங்க. இவ்வளவையும் தள்ளத்தான் போறம்."

"சேர், அவங்க பாவங்கள்..."

"பாவங்கள்தான். அதுதான் கேக்கிறன், ஆரு அந்தப் புரோக்கர்? போம் ஒண்டுக்கு எவ்வளவு எடுக்கிறான்? நீங்க ஆளக் காட்டித் தந்தா, உங்கட விசயத்தயாவது நாங்க யோசிச்சுப் பாக்கலாம்."

நான் நல்லவள் என்று யாரும் நினைக்க வேண்டாம். எனக்கு முதலில் வந்த யோசனை, ஒரு புரோக்கரை உண்டாக்கிவிடலாம் என்பதுதான். 'தெரியாத ஆள் சேர், பஸ் நிலையத்தில் இருந்து எழுதுவார்' என்றால் போதும். எனக்கு வேலை கிடைத்தாலும் கிடைக்கும். நாக்கு நுனி வரை வந்துவிட்டது. ஐந்து நிமிடத்துக்கு முன்னால் என் முந்தானையைச் சரி செய்த கை நினைவுக்கு வந்தது. ஆனாலும் நாக்கு அங்கேயேதான் நின்றது.

அந்த சேர் இன்னொரு வார்த்தை சொல்லாமல் விட்டிருந்தால் என்ன செய்திருப்பேனோ தெரியாது. அவர் தலையை ஆட்டிக்கொண்டு, "எழுத்துத் தெரியாத பொம்பிளையளுக்கிட்டப் புடுங்கித் தின்னுற களவாளி" என்றார்.

களவாளியா? எனக்கு உச்சந்தலை வரை ஏறிவிட்டது.

"நான்தான் சேர் எழுதின" என்றேன். சத்தம் கொஞ்சம் கூடிப்போயிற்று; ஓரத்தில் எழுதினவர் பேனையை வைத்துவிட்டார். "பன்னிரண்டையும் நான்தான் எழுதின. ஒரு சதம் எடுக்கல்ல. வந்தவங்களுக்குப் பிளேன்டீயும் நான்தான் ஊத்திக் குடுத்த. களவாளி கிளவாளி எண்டு சொல்லாதீங்க."

சேர் கண்ணாடியைக் கழற்றினார். "எட்டாம் வகுப்புப் படிச்ச ஆளா இப்படி எழுதின?"

"இல்ல சேர். நான் பட்டதாரி."

இப்படி ஒரு முட்டாளை அந்தக் கந்தோர் கண்டிருக்காது. இத்தனை வருடம் எந்த மேசையிலும் பிரயோசனப்படாத பட்டத்தை, சொல்லவே கூடாத ஒரே ஒரு மேசையில் வைத்துவிட்டேன். இளம் மிஸ் அதுவரை என்னைச் சரியாகப் பார்க்கவேயில்லை. இப்போது பார்த்தாள். "பிறகு ஏன் ராத்தா இந்த வேலைக்கு வந்தீங்க?" என்று கேட்டாள். ராத்தா என்று கூப்பிட்டவளிடம் பொய் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

"வீட்டில தனிய இரிக்க ஏலாது மிஸ்" என்றேன்.

வேறு ஏதாவது சொல்லியிருக்கலாம். கஷ்டம் என்று சொல்லியிருக்கலாம், அது எல்லாருக்கும் விளங்குகிற காரணம். தனிமை என்று ஒரு காரணத்தை எழுத அவர்களுடைய தாளில் கட்டமில்லை. பிறகு சேர் மெதுவாகத்தான் சொன்னார், கோபமாக அல்ல: "இது இல்லாதவங்களுக்குக் குடுக்கிற வேல. நீங்க ஒரு இடத்த எடுத்தா ஒரு ஏழைட இடம் போகும். சட்டமும் அதுதான்."

"எனக்கும்தான் ஒண்டுமில்ல சேர்."

"படிப்பு இரிக்கே."

ஒரு தரம் வயது கூடிப்போயிற்று என்றார்கள், இந்தத் தரம் படிப்புக் கூடிப்போயிற்று. என்னிடத்தில் ஒவ்வொன்றும் கூடத்தான், குறைவாக ஒன்று இருந்தால் கொண்டு வந்து காட்டியிருப்பேன். என் போமின் மேல் மூலையில் அவர் சிவப்புப் பேனையால் 'தகைமை கூடியவர்' என்று எழுதினார். அவருக்கும் நல்ல கையெழுத்துத்தான்.

"மற்றவங்க சேர்?" என்று கேட்டேன்.

அவர் மேசையில் பரவிக் கிடந்ததையெல்லாம் திரும்ப ஒன்றாக அடுக்கினார். "உங்களக் காப்பாத்தத்தானே பொய் சொல்லியிருக்காங்க" என்றார். "வேற போம் தாறன். என்ட கண்ணுக்கு முன்னால இருந்து அவங்கவங்க எழுதணும். நீங்க அந்தப் பக்கம் வரக் கூடாது."

பன்னிரண்டு பேரும் உள்ளே இருந்து எழுதினார்கள். நான் வெளியே, வேப்பமரத்தடியில் கிடந்த நீட்டு வாங்கில் இருந்தேன். யன்னலால் தெரிந்தது. முன் வீட்டுக்காரி நாக்கைக் கடித்துக்கொண்டு, பேனையை உலக்கை மாதிரிப் பிடித்து எழுதினாள். ஒரு தரம் தலையைத் தூக்கி என்னைத் தேடினாள். நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். அசறுக்குப் பிறகுதான் வெளியே வந்தாள், விரலெல்லாம் மை.

"நானே எழுதிட்டன் டீச்சர்! ரெண்டு எடத்தில மட்டும்தான் வெட்டின!" என்றாள். பிறகு குரலைத் தாழ்த்தி, "உங்களுக்கு என்ன சொன்ன?"

"கிடைக்காது. படிப்புக் கூடவாம்."

அவள் உண்மையாகவே யோசித்தாள். "நாங்க எல்லாரும் போய்க் கேட்டுப் பாக்கட்டா டீச்சர்? கொஞ்சம் குறைச்சுப் போடச் சொல்லி?"

பன்னிரண்டு பேரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். வேனில் என்னையும் ஏற்றிக்கொண்டார்கள். இடமில்லாமல் ஒருத்தி மடியில் ஒருத்தி இருந்து, வழியில் வடை வாங்கித் தின்று, கல்யாண வீட்டுக்குப் போய் வருகிற கூட்டம் மாதிரித்தான் ஊர் வந்து சேர்ந்தோம். வேலை கிடைக்காத கவலை அன்று எனக்கு அவ்வளவாகத் தெரியவில்லை.

சில மாதத்தில் எட்டுப் பேருக்கு நியமனக் கடிதம் வந்தது. முன் வீட்டுக்காரிக்கும் வந்தது. நான் சந்தோசப்பட்டேன், அது பொய்யில்லை. அவள் பிள்ளைகள் இரண்டும் தட்டில் வட்டிலப்பம் கொண்டு வந்து தந்தன. முதல் நாள் எட்டுப் பேரும் புது அபாயாவோடு என் கேற்றில் நின்று ஸலாம் சொல்லிவிட்டு, இரண்டு ஆட்டோவில் ஏறிப்போனார்கள். நான் ஒழுங்கை முடியும் வரை பார்த்துக்கொண்டு நின்றேன்.

அன்று லுஹர் தொழுதுவிட்டுப் பழக்கத்தில் கேத்தலை அடுப்பில் வைத்தேன். கிளாஸ்களைக் கழுவிக் கவிழ்த்தேன். தண்ணீர் கொதித்தது. அப்போதுதான் விளங்கியது. வருகிறவர்களெல்லாம் இப்போது கல்முனையில் கோப்புத் தூக்கிக்கொண்டிருக்கிறார்கள். அவர்களை என் வீட்டிலிருந்து அனுப்பி வைத்தது நானேதான். அடுப்பை நிறுத்திவிட்டுக் குசினியில் இருந்து அழுதேன். காய்ச்சலில் வராத அழுகை.

வேலை கிடைக்காத நாலு பேராவது வருவார்கள் என்று பார்த்தேன். அவர்களும் வரவில்லை. டீச்சர் எழுதிக் கொடுத்ததால்தான் தங்கள் போம் பழுதாகிப் போனது என்று கதைக்கிறார்களாம். ஒருத்தியைக் கடையில் கண்டு சிரித்தேன். அவள் உள்ளி விலை கேட்பது மாதிரித் திரும்பிக்கொண்டாள். அவர்கள் சொல்வதில் பிழையென்று என்னால் அடித்துச் சொல்ல முடியவில்லை.

எட்டுப் பேருக்கும் இனி என் தேவையுமில்லை. எந்தப் போமானாலும் கந்தோரிலேயே யாரோ சொல்லிக் கொடுக்கிறார்கள், அவர்களே எழுதுகிறார்கள். வெட்டி வெட்டி எழுதினாலும் ஏற்றுக்கொள்கிறார்கள்.

போன மாதம் ஒரு காலையில் முற்றம் கூட்டிக்கொண்டிருந்தேன். முன் வீட்டுக்காரி குடையோடு அவசரமாக வெளியே வந்தவள் என்னைக் கண்டு நின்றாள்.

"டீச்சர், கோவிச்சுக்காதீங்க. வரணும் வரணும் எண்டுதான் நினைக்கிற. வந்து படுத்தா எழும்ப ஏலாது. சனி ஞாயிறு உடுப்புக் கழுவவே சரி."

"அதுக்கென்ன புள்ள, போங்க."

"சுகமா இரிக்கீங்கதானே?"

"ஓம்."

ஆட்டோக்காரன் ஹோர்ன் அடித்தான். "பிந்தினா ஏசுவாங்க டீச்சர்" என்று சொல்லிக்கொண்டே ஓடினாள். அவள் முகத்தில் பயமும் இருந்தது, அந்தப் பயத்தில் ஒரு பெருமையும் இருந்தது. நான் கேற்றைச் சாத்திவிட்டு உள்ளே வந்தேன். மணி ஏழே முக்கால். லுஹர் பாங்குக்கு இன்னும் நாலரை மணித்தியாலம் கிடந்தது. அதற்குப் பிறகும் யாரும் வரப்போவதில்லை.